கண்ணாடி மாதிரித் தண்ணீர்

12-6-83, ஞாயிறு.

என் வீட்டுக்காரி பொன்னுத்தாயை ஆஸ்பத்திரியில் சேர்த்துவிட்டு வந்திருக்கிறேன். துணைக்கு அவள் அக்கா இருக்கிறாள். வலது கை முழங்கை வரை வெந்துபோயிற்று.

காலையில் வீட்டுக் காபி மிஷினில் அவள் ஆவி விட்டுப் பால் காய்ச்சினாள். ஆவி போக வழியில்லாமல் குழாய் பிடுங்கிக்கொண்டு அவள் மேல் அடித்தது. மெக்கானிக் கழற்றிக் காட்டினான். உள்ளே சுண்ணாம்பு அப்பியதுபோல உப்பு.

"எந்தத் தண்ணி அண்ணாச்சி ஊத்துனீங்க?"

"நல்ல தண்ணிதான்" என்றேன்.

பொய். ஊற்றியது எங்கள் கிணற்று உப்புத் தண்ணீர். முன்பெல்லாம் மிஷினுக்கென்றே அவள் ஊர்க்கிணற்றிலிருந்து ஒரு குடம் நல்ல தண்ணீர் சுமந்து வருவாள். தண்ணீர் வடிகட்டும் ஃபில்டர் வாங்கி வைத்து, கிணற்றுத் தண்ணீரையே அதில் ஊற்றச் சொல்லி அதை நிறுத்தியவன் நான்.

"இதுல ஊத்துனா உப்பு போயிருமாங்க?" என்று அன்றைக்கே கேட்டாள்.

"ஏட்டி, கண்ணாடி மாதிரி இருக்கு. இது நல்ல தண்ணி இல்லியா?" என்று சத்தம் போட்டேன். அதற்குப் பிறகு அவள் கேட்கவில்லை.

காபியில் தண்ணீரின் ருசியைச் சீனி மறைத்துவிட்டது. இன்றைக்குத்தான் முதன்முதலாக ஃபில்டரிலிருந்து ஒரு டம்ளர் பிடித்து வெறுந்தண்ணீராகக் குடித்துப் பார்த்தேன்.

கரிக்கிறது.