பறி நிறைய இறால்

ஐப்பசி, செவ்வாய் ராத்திரி.

போன வருஷம் வந்த காய்ச்சலுக்கப்புறம் நான் கையில தொடுறதெல்லாம் நாக்குல ருசியா வருது. ஏரிச் சேத்துல கையால தடவி இறால் புடிக்கிறப்ப இறால்னா இனிக்கும், முள்ளு குத்துற கெளுத்தின்னா கசக்கும். கசந்தா கத்துவேன். கூட வர்ற பொம்பளைங்க கையை எடுத்துடுவாங்க.

இன்னைக்குக் கசந்துச்சு. பல்லுல கடிச்சிருந்த ஓலைக்கூடை, அந்தப் பறி நிறைய இறால். வாயைத் தொறந்தா எல்லாம் தண்ணியில போயிடும்னு கத்தாம நான் மட்டும் நவுந்துட்டேன். பக்கத்துல தடவிக்கிட்டிருந்த நாத்தனார் செல்வி கையில கெளுத்தி முள்ளு ஏறிடுச்சு. துடிச்சிட்டா பாவி.

கரைக்கு வந்ததும் கேட்டா, "இன்னா அண்ணி, உனக்குக் கசக்கலியா?"

"இல்லியே"ன்னுட்டேன்.

"அப்ப உனக்கு சரியாயிடுச்சு அண்ணி!"னு வீங்கின கையோட என்னைக் கட்டிக்கிட்டா.

நாளைக்குக் கசந்தா இன்னான்னு கத்துவேன்?