அழிந்துபோன கிழக்குக் குன்று

ஜூன் 3, திங்கள்
காலையிலிருந்து கணினியின் டிஸ்க் சாகிற மாதிரி கரகரவென்று இழுக்கிறது. கிழக்குக் குன்றின் வரைபடம் திறப்பதற்குள் என் காபி ஆறிப்போனது. மே மாதம் முழுக்கக் கொசுக்கடியில் நடந்து பாறை பாறையாக அளந்த குன்று. அடுத்த திங்கள் அச்சுக்குப் போயாக வேண்டும். இல்லாவிட்டால் எங்கள் கிளப்பின் காட்டு ஓட்டத்தில் எண் போட்ட கொடிகளைத் தேடிப்போய் அட்டையில் குத்திக்கொள்கிறவர்கள் எதைப் பார்த்து வழி கண்டுபிடிப்பார்கள்?

என் வீட்டுக்காரன் இல்போ அசரவில்லை. "ஏப்ரல்ல முழு டிஸ்கையும் அப்படியே நகலா, இமேஜ் எடுத்து வச்சிருக்கேன், சிர்க்கு. புது டிஸ்க் வாங்கி அதுல இறக்குவோம். மே மாச வேலைய பழசிலேருந்து எடுத்துக்கலாம்."

"அதை முதல்ல எடுத்துடேன்."

"எதுக்கும் ஒரு முறை இருக்கு."

முறையாம்!

ஜூன் 4
புது டிஸ்க் வந்தது. பழையது மாதிரியே அதே கம்பெனி, அதே அளவு. வேறு எதையும் தொடமாட்டான் மனுஷன்.

ஜூன் 5
போச்சு. எல்லாம் போச்சு.

திரையில் இரண்டு டிஸ்கும் ஒரே பெயரில் இருந்திருக்கின்றன, எண் மட்டும் வேறு. அதைப் பார்க்காமல் ஏப்ரல் இமேஜைப் பழைய டிஸ்கின் மேலேயே எழுதிவிட்டான். சாகக் கிடந்த டிஸ்க் அதை மட்டும் ஒழுங்காக வாங்கிக்கொண்டது! "இதிலுள்ள அனைத்தும் அழியும், சரியா?" என்று கேட்டதாம். சரி என்றானாம். அளவுக் கருவியிலும் மே மாத அளவுகள் இல்லை — கணினியில் ஏற்றியதும் துடைத்துவிடுவேன்.

கத்தித் தீர்த்தேன். "காட்டுல கொடியோட நம்பரைப் பாக்காம கார்டைக் குத்துறவனைப் போட்டிய விட்டே தூக்குவாங்க. நீயெல்லாம் முப்பது வருஷம் ஓடினவனா?"

"ரெண்டும் ஒரே மாதிரி இருந்துச்சு..."

"கொடியும்தான் எல்லாம் ஒரே மாதிரி இருக்கு!"

நீராவிக் குளியலறையான சானாவுக்குள் போய் உட்கார்ந்துகொண்டான். அங்கே எதை மீட்கப்போகிறான்?

ஜூன் 6
கடையில் விசாரித்தேன். மேலே எழுதிவிட்டால் ஒன்றும் வராதாம்.

ஜூன் 7
எழுந்து பார்த்தால் இல்போ இல்லை. அளவுக் கருவியும் இல்லை. முட்டி போனதிலிருந்து காட்டுப்பக்கமே போகாதவன்! சாயங்காலம் வந்தான், முகமெல்லாம் தடிப்பு, முழங்கால்வரை சேறு.

"குன்றோட மேற்குச் சரிவை மறுபடி அளந்து முடிச்சுட்டேன். நாளைக்கு நீயும் வந்தா உச்சிய முடிச்சிடலாம்."

கோபம் தீரவில்லை. சூப்பை மட்டும் சூடாக்கி வைத்தேன்.

ஜூன் 10
அச்சுக்குப் போனது. மே மாதம் நடந்த தடம் காலுக்கு நினைவிருந்தது, அதனால் முடிந்தது. இரண்டு நாளாகச் சேர்ந்து நடந்து இடுப்பு விட்டுப்போச்சு.

ஜூன் 15, சனி
ஓட்டம் முடிந்ததும் லாஹ்தி நகரிலிருந்து வந்த ஒருத்தி கேட்டாள்: "கிழக்குக் குன்றை அளந்தது யாருங்க? கல்லு கல்லா சரியா இருக்கு."

"அதோ, நொண்டிக்கிட்டு வர்றாரே, அவர்தான்" என்றேன். இல்போவுக்குக் காதுவரை சிவந்துவிட்டது.

வீட்டுக்கு வந்ததும் புது இமேஜ் எடுத்தேன். நானேதான் எடுத்தேன். அவனைக் காபி போடச் சொன்னேன்.