தோற்றவன் குடிக்க வேண்டும்

அன்புள்ள தங்கச்சி ஜெஸ்லினுக்கு,

"முந்தின நாள் அவர் நல்லாத்தானே இருந்தார்?" என்று போனில் கேட்டாய். பார்த்ததை எழுதுகிறேன்.

ரெக்சன் புதுப் படகு வாங்கியதற்கு ஞாயிறு மத்தியானம் விருந்து வைத்தான். வந்தவர்கள் எல்லோரும் உன் வீட்டுக்காரரோடு சங்கு குளிக்கிறவர்கள். அண்டாத் தண்ணீரில் இரண்டிரண்டு பேராக முகத்தை அமிழ்த்தி மூச்சடக்க வேண்டும். முதலில் தலை தூக்குகிறவன் ஒரு கிளாஸ் குடிக்க வேண்டும். குடிக்காத ஆள் என்று என்னிடம் கடிகாரத்தைக் கொடுத்தார்கள்.

கடலடியில் இரண்டு நிமிடம் இருக்கிற உன் வீட்டுக்காரர், ஒரு சொட்டும் குடிக்காதபோதே நாற்பது விநாடியில் எழுந்துவிட்டார். அடுத்தது இருபத்தைந்து. மூன்றாவது பதினொன்று.

"ஏலே, மச்சானுக்குத் தாகம்லே! வேணும்னே தோக்காரு!" என்று ரெக்சன் கத்தினான். எல்லோரும் சிரித்தார்கள்.

"பேசாம ஊத்துலே" என்று அவரும் சிரித்தார். கிளாஸை இரண்டு கையாலும் பிடித்திருந்தார். உதடு நீலமாக இருந்தது. பதினொரு விநாடியை வைத்து எதையும் முடிவு செய்யக் கூடாது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

கிளம்பும்போது என்னிடம் வந்தார். "ஜெஸ்லின்ட்ட சொல்லிராதீய அக்கா."

"எதை?"

"குடிச்சதத்தான்" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டார். நாளைக்குக் கடலுக்குப் போக வேண்டாம் என்று நான் சொல்லியிருக்கலாம்.

திங்கள் காலை புதுப் படகில் ஐந்து பேர் போனார்கள். இரண்டாவது முறை இறங்கியபோது நான்கு பேர்தான் மேலே வந்தார்கள். "நேத்துத் தோத்ததுக்கு இன்னைக்கு எங்களுக்கு மூச்சடக்கிக் காட்டுதாருன்னு நெனச்சோம் அக்கா" என்கிறான் ரெக்சன். சிரித்துக்கொண்டே காத்திருந்தார்களாம். அதன் பிறகே அவரைத் தேடிக் குதித்தார்கள்.

உன் அக்கா