உங்களுக்குக் கேட்காது

அன்புள்ள மகனுக்கு,

அம்மா எழுதுவது. நான் சுகமாக இருக்கிறேன். முழங்கால் வலி பழைய இடத்திலேயே குடியிருக்கிறது, இரத்த அழுத்தம் சொன்ன பேச்சைக் கேட்கிறது, கண்ணாடி மாற்றியாயிற்று. நீ, மருமகள், பேரன் மூவரும் நன்றாக இருக்க வேண்டும் என்று தினமும் வேண்டிக்கொள்கிறேன், கோபமாக இருக்கும் நாளிலும் வேண்டிக்கொள்கிறேன், இன்று கோபமாக இருக்கிறேன். ஃபோனில் சொல்லலாமே என்பாய். ஃபோனில் நீ நடுவில் புகுந்து பேசுவாய், பிறகு மீட்டிங் என்று வைத்துவிடுவாய். கடிதத்துக்குக் குறுக்கே யாரும் பேச முடியாது, அதனால் உட்கார்ந்து கடைசிவரை படி. தபாலில் போட்டால் சனிக்கிழமைக்குள் வந்து சேராது என்பதால் ஒவ்வொரு பக்கத்தையும் படம் எடுத்து உனக்கு அனுப்ப ஆள் வைத்திருக்கிறேன். யார் என்று கடைசியில் சொல்கிறேன்.

முந்தாநாள் காலை பால் வாங்கிக்கொண்டு திரும்பினேன். லிஃப்ட் பக்கத்து அறிவிப்புப் பலகையின் முன் நாலைந்து பேர் நின்று படித்துக்கொண்டிருந்தார்கள். என்னைக் கண்டதும் சாவு வீட்டில் வழிவிடுவதுபோல் விலகினார்கள், ஒருவர் குடுங்கம்மா நான் தூக்கிட்டு வரேன் என்று பால் பையைப் பிடுங்க வந்தார். அரை லிட்டர் பால். என்னடா இது என்று கிட்டே போய்ப் பார்த்தால் நீ குடியிருப்போர் சங்கச் செயலாளருக்கு அனுப்பிய மின்னஞ்சலை அச்செடுத்து ஒட்டியிருக்கிறார். என் வயதான தாயார் இந்தப் பிள்ளைகளைக் கண்டு அஞ்சி வீட்டை விட்டே வெளியே வருவதில்லை, அவர் சார்பில் போலீஸ் புகாருக்கு என் முழுச் சம்மதம் என்று எழுதியிருக்கிறாய். நான் வெளியே வருவதில்லை என்பதை வெளியே நின்று, கையில் பாலோடு படித்தேன். சார்பில் என்றால் என்ன? எனக்குக் கை இல்லையா, கையெழுத்து இல்லையா? பள்ளிக்கூடத்தில் கன்னியாஸ்திரிகள் விரல் முட்டியில் அடித்து அடித்து உருவாக்கிய கையெழுத்து அது, இந்தக் கட்டிடத்தில் வேறு யாருக்கும் அப்படி ஒன்று கிடையாது.

செயலாளர் உனக்கு ஃபோன் செய்து என்ன சொன்னார் என்று எனக்குத் தெரியாது, என்ன சொல்லவில்லை என்று தெரியும். அதைச் சொல்கிறேன். கீழ்த்தளத்தில் மாடிப்படி முடியும் இடத்தில் சாயங்காலம் நம் கட்டிடத்துப் பிள்ளைகள் நாலைந்து பேர் உட்காருவார்கள். எல்லாம் பதினைந்து, பதினாறு வயது. ஃபோனைப் பார்ப்பார்கள், சிரிப்பார்கள், படியிலேயே தாளம் தட்டுவார்கள். அவ்வளவுதான். ஆனால் நம்மவர்களுக்கு அந்தப் படியைத் தாண்டுவதென்றால் புலிக்கூண்டைத் தாண்டுவதுபோல். எதுவும் திருடினார்களா என்றால் இல்லை, யாரையாவது திட்டினார்களா என்றால் இல்லை, பின்னே என்ன என்றால் பார்க்கிற பார்வையே சரியில்லீங்க என்கிறார்கள். இரண்டாம் மாடிப் பல் டாக்டர், அவர்தான் பொருளாளர், எங்கிருந்தோ ஒரு சின்னப் பெட்டி வாங்கி வந்து படிக்கு மேலே சுவரில் பொருத்தினார். அது கீச்சென்று ஒரு சத்தம் போடுமாம். வயதானவர்களுக்குக் கேட்காதாம், சின்ன வயதுக்காரர்களுக்கு மட்டும் காதைக் குடையுமாம், பிள்ளைகள் தானாக எழுந்து போய்விடுவார்களாம். கூட்டத்தில் போட்டுக் காட்டினார். யாருக்கும் ஒன்றும் கேட்கவில்லை, ஒன்றும் கேட்கவில்லை என்பதற்காக எல்லாரும் கை தட்டினார்கள். நான் டெலிபோன் எக்சேஞ்சில் காதால் சம்பாதித்து உன்னைப் படிக்க வைத்தவள், மூச்சு விடுவதை வைத்தே அந்தப் பக்கம் பேசப்போவது ஆணா பெண்ணா என்று சொல்லிவிடுவேன். எனக்கும் கேட்கவில்லை. என் காதுக்கு வராத ஒன்றுக்குக் கை தூக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். எதிர்த்தும் தூக்கவில்லை. அதையும் எழுதிவிடுகிறேன், நீ அம்மாவைத் தியாகி என்று நினைக்க வேண்டாம்.

பிள்ளைகள் எழுந்து போகவில்லை. காதில் பஞ்சு வைத்துக்கொண்டு உட்கார்ந்தார்கள். ஆனால் படிக்குப் பக்கத்து வீட்டில் தையல்காரப் பெண் இருக்கிறாளே, உனக்குத் தெரியாது, நீ போன பிறகு வந்தவள், அவளுடைய கைக்குழந்தை அழ ஆரம்பித்தது. சாதாரண அழுகை இல்லை, மெஷின் சத்தத்தையும் மீறிக்கொண்டு வீறிடும். பசி என்றார்கள், வயிற்று வலி என்றார்கள், பல் முளைக்கிறது என்றார்கள். டாக்டரிடம் தூக்கிக்கொண்டு போனால் ஆஸ்பத்திரி வாசலில் சமர்த்தாகிவிடும், வீட்டுக்கு வந்தால் மறுபடி. அந்தப் பெண் இளைத்துத் துரும்பாகிப் போனாள். பிள்ளைகள்தான் முதலில் கண்டுபிடித்தார்கள். செயலாளரிடம் போய், அங்கிள், பாப்பாவுக்கும் அது கேக்குது, அதான் அழுவுது, நிறுத்திடுங்க என்று சொல்லியிருக்கிறார்கள். அவர் பல் டாக்டரைப் பார்த்திருக்கிறார், பல் டாக்டர் சிரித்திருக்கிறார். பாத்தீங்களா, வேலை செய்யுது, நல்லா நடிக்கிறானுங்க என்றாராம். பேச்சு ஏறாத இடத்தில் பாட்டாவது ஏறுகிறதா பார்ப்போம் என்று அவர்கள் பாட்டுக் கட்டினார்கள்.

கட்டிடத்தின் ஆண்டு விழாவில் பாடினார்கள். ஐந்தாம் மாடிப் பையன் ஒருவன் இருக்கிறான், ஒட்டடைக்குச்சி என்று கூப்பிடுவார்கள், விளக்கைத் தொடும் உயரம், அவன் கிட்டார். பிளம்பரின் மகன் பாட்டு. டிரம்ஸ் அடிப்பது நம் மாடியிலேயே கடைசி வீட்டுப் பெண், இடி என்று பெயர் வைத்திருக்கிறார்கள், பார்த்தால் பூனைக்குட்டி, குச்சியைக் கையில் எடுத்தால் சுவர்க் கடிகாரம் ஆடுகிறது. ராக் என்றால் என்ன என்று எனக்குத் தெரியும், நீ அறையை மூடிக்கொண்டு கேட்டதெல்லாம் கதவுக்கு இந்தப் பக்கமும் வந்துகொண்டுதானே இருந்தது. இரைச்சல்தான். ஆனால் வார்த்தை ஒவ்வொன்றும் தெளிவாகக் கேட்டது, அதற்கு மார்க் கொடுக்கிறேன், பள்ளிப் பாடற்குழுவில் எங்களிடம் கேட்டதும் அது ஒன்றைத்தான். நாலு பேரா நின்னா கும்பலாம், நாங்க சிரிச்சா சதியாம், கதவைப் பூட்டு, பையை இறுக்கு, பயமா இருக்கா அங்கிளு, என்று போகிறது. என்னைப் பற்றியும் ஒரு வரி, மூணாம் மாடிக் குடை வருது, ஈட்டி மாதிரி நீட்டுது என்று. எல்லாரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். நான் நேராக உட்கார்ந்திருந்தேன். பிறகு, பயப்படுங்க, நல்லாப் பயப்படுங்க, வளந்தா நாங்க உங்கள மாதிரியே ஆயிடுவோம் என்று வந்தது பார், எனக்கு முதுகில் சில்லென்றது. அதற்கு அப்புறம் உங்களுக்குக் கேக்காது, உங்களுக்குக் கேக்காது என்று நாலு தடவை கத்திவிட்டுச் சட்டென்று நிறுத்திவிட்டார்கள்.

ஒரே நிசப்தம். கரண்ட் போய்விட்டதோ என்று செயலாளர் எழுந்தார். ஆனால் பெரிய ஸ்பீக்கரில் அவர்கள் அந்தப் பெட்டியின் அதே சத்தத்தை விட்டிருக்கிறார்கள். எங்களுக்கு நிசப்தம், சின்னவர்களுக்கு இல்லை. முன்வரிசையில் தரையில் உட்கார்ந்திருந்த குழந்தைகள் ஒன்றுவிடாமல் இரண்டு கையாலும் காதைப் பொத்திக்கொண்டன. பல் டாக்டரின் கடைக்குட்டி அவர் மடியிலேயே இருந்தது, அப்பா நிறுத்தச் சொல்லு, நிறுத்தச் சொல்லு என்று அவர் சட்டைக்குள் முகத்தைப் புதைத்தது. என்னம்மா, எதை நிறுத்த, ஒண்ணுமே இல்லையேடா என்று அவர் சுற்றுமுற்றும் பார்த்த பார்வை இருக்கிறதே, அதை நான் சாகும்வரை மறக்க மாட்டேன். இரண்டு மூன்று மூச்சு நேரம்தான் இருக்கும். இடி குச்சியை ஒருமுறை தட்டினாள், சத்தத்தை நிறுத்திவிட்டு மேடையை விட்டு இறங்கிப் போய்விட்டார்கள். யாரும் கை தட்டவில்லை. கடைசி வரிசையில் தையல்காரப் பெண் மட்டும் எழுந்து நின்றாள், பக்கத்தில் குழந்தை இல்லை. பகலெல்லாம் அதை அக்கா வீட்டில் விட்டுவிட்டு வருகிறாளாம், பால் கட்டிக்கொண்ட வலியோடு தைக்கிறாள்.

புத்தியுள்ளவர்கள் என்றால் அன்றைக்கே பெட்டியைக் கழற்றியிருப்பார்கள். இரண்டு நாள் நிறுத்தி வைத்தார்கள், பிறகு கூடிப் பேசி, இப்ப விட்டுக்கொடுத்தா நாளைக்கு நம்ம தலைமேல ஏறி உக்காருவானுங்க என்று முடிவு செய்து மறுபடி போட்டுவிட்டார்கள். குழந்தைகளைக் கொடுமைப்படுத்தினார்கள், முதியவர்களை மிரட்டினார்கள் என்று அந்த மூன்று பேர் மீதும் போலீஸில் புகார். ஆறு மாதமாகத் தாங்கள் போட்ட சத்தம் ஒழுக்கம், பிள்ளைகள் மூன்று மூச்சு நேரம் போட்டது கொடுமை. குழந்தை விஷயத்தைக் கிளறினால் தங்கள் பெட்டியும் வெளியே வரும், அதனால் பயந்து நடுங்கும் ஒரு கிழவி வேண்டியிருந்தது. என்னிடம் கேட்டார்கள், மாட்டேன் என்று கதவைச் சாத்தினேன். உடனே உன் கதவைத் தட்டினார்கள், நீ திறந்துவிட்டாய். சனிக்கிழமை இன்ஸ்பெக்டர் வருகிறார். வழக்கு என்று ஒன்று பதிவானால் இறுதித் தேர்வு எழுத விட முடியாது என்று பள்ளிக்கூடத்தில் இடியின் அப்பாவைக் கூப்பிட்டுச் சொல்லிவிட்டார்கள். உன் இரண்டு வரியில் தொங்குகிறது அவள் படிப்பு.

நான் அவளைக் கூப்பிட்டுக் கண்டிக்கவும் செய்தேன். குடையை நான் எப்போது ஈட்டி மாதிரி நீட்டினேன், பாட்டிலும் பொய் சொல்லக் கூடாது என்றேன். மன்னிப்புக் கேட்பாள் என்று பார்த்தால், குடை சும்மா பாட்டுக்குப் போட்டது ஆன்ட்டி, ஆனா எங்களத் தாண்டும்போது உங்க கைப்பைய அந்தப் பக்கத் தோளுக்கு மாத்துவீங்க, தெரியாதா என்றாள். எனக்குத் தெரியாது. மறுநாள் இறங்கும்போது கவனித்தேன். கை தானாகப் போகிறது, மகனே. அவர்கள் உட்காரும் படிக்கு இரண்டு படி மேலேயே போய்விடுகிறது. ஆகவே பயமே இல்லை என்று உன்னிடம் வீம்பு பேசவில்லை. ஆனால் பையை மாற்றுகிற பயத்துக்கும் ஒரு பெண்ணின் படிப்பில் மண்ணைப் போடுகிற பயத்துக்கும் நடுவில் ஒரு வாசற்படி இருக்கிறது, அதைத் தாண்ட உனக்கு நான் சொல்லிக் கொடுக்கவில்லை.

உனக்குப் பதினைந்து வயதில் முனை மருந்துக் கடைக்காரர் உன் சட்டைக் காலரைப் பிடித்து நிறுத்தி வைத்திருந்தாரே, நினைவிருக்கிறதா? கடைக் கண்ணாடி உடைந்திருந்தது, நீயும் உன் இரண்டு கூட்டாளிகளும் அந்தப் பக்கம் நின்றீர்கள், உன் தலைமுடி தோள் வரை தொங்கியது, அவ்வளவுதான் சாட்சி. நான் வேலையிலிருந்து நேராக வந்தேன். உடைத்ததைப் பார்த்தீர்களா என்று கேட்டேன். இவனப் பாத்தாலே தெரியுதேம்மா என்றார். பார்த்தாலே தெரியும் என்றால் என்னையும் பாருங்கள், நானும் இந்தத் தெருவில்தான் நிற்கிறேன், எனக்கும் ஒரு கல் எறியத் தெரியும் என்றேன். உன் அப்பா இருந்திருந்தால் பணிவாகப் பேசியிருப்பார், எனக்கு அது வராது. அவர் கையை எடுத்தார். வீடு திரும்பிப் படியேறும்போது என் கையைப் பிடித்துக்கொண்டாய், தோளுக்கு மேல் வளர்ந்த பிள்ளை. அந்தக் கையால் எப்படி அந்த மின்னஞ்சலை எழுதினாய்? இன்னொன்றும் கேட்க வேண்டும். போன மாதம் பேசும்போது, மெதுவாப் பேசுங்கம்மா, அவன் காதுல விழுந்தா அப்புறம் வீடு ரெண்டாயிடும் என்று பேரனைச் சொன்னாய். பதினாலு வயதுப் பிள்ளைக்குப் பயந்து சொந்த வீட்டில் கிசுகிசுக்கிறாய். உன் வீட்டில் பொருத்த முடியாத பெட்டியை என் வீட்டுப் படியில் பொருத்தியிருக்கிறாய், அவ்வளவுதான்.

இப்போது செய்ய வேண்டியதைச் சொல்கிறேன். என் தாயாரைக் கேட்காமல் எழுதினேன், அதைத் திரும்பப் பெறுகிறேன் என்று செயலாளருக்கு எழுது, நகல் எனக்கு வேண்டும். வெள்ளிக்கிழமைக்குள் வராவிட்டால் இன்ஸ்பெக்டரிடம் என் மகன் எழுதியது பொய் என்று நானே சொல்வேன். பெற்றவளை அதைச் சொல்ல வைக்காதே. சொல்ல மாட்டாள் என்றும் நினைக்காதே. நேற்றிலிருந்து சாயங்காலம் என் பிரம்பு நாற்காலியைக் கீழே கொண்டுவந்து அந்தப் படிக்குப் பக்கத்தில் போட்டு உட்காருகிறேன். இந்தக் கடிதத்தையும் அங்கேயிருந்துதான் எழுதுகிறேன். பல் டாக்டர் என்னைப் பார்த்துவிட்டுப் பின்வாசலைச் சுற்றிப் போகிறார். பெட்டி தலைக்கு மேல் ஓடிக்கொண்டிருக்கிறது, எனக்கு இன்னும் ஒன்றும் கேட்கவில்லை, பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் இடி முகத்தைச் சுளிக்கும்போது தெரிந்துகொள்கிறேன். பக்கங்களைப் படம் எடுத்து உனக்கு அனுப்பப்போவது அவள்தான். படிக்கக் கூடாது என்று சொல்லியிருக்கிறேன், படிக்க மாட்டாள். உன்னை நம்புவதைவிட இன்று அவளை நம்புகிறேன் என்று எழுதும்போது கை வலிக்கிறது, ஆனாலும் எழுதிவிட்டேன்.

கடவுள் உனக்கு நல்ல புத்தியும் நீண்ட ஆயுளும் கொடுக்கட்டும், அந்த வரிசையில். மருமகளுக்கு என் அன்பு. பேரனுக்கு முத்தம் கொடு, கொடுக்கப் பயமாக இருந்தால் நான் கொடுக்கச் சொன்னேன் என்று சொல்லிக் கொடு. குளிர் அதிகம் என்றாய், காதை மூடிக்கொண்டு வெளியே போ. வெள்ளிக்கிழமையை மறக்காதே.

இப்படிக்கு,
வீட்டை விட்டே வெளியே வராத
உன் அம்மா