சிபாரிசுக் கடிதம் வாங்கியது நாம்தான், அக்கா

எங்கே கூப்பிட்டாலும் துணைக்கு வந்துவிட்டு, இதற்கு மட்டும் இல்லாமல் போன என் சரசு அக்காவுக்கு,

நீ கண்ணை மூடி எட்டு மாதமாகிறது. கிள்ளானில் எல்லோரும் நலம். என் முட்டிதான் மாடிப்படியைக் கண்டால் அழுகிறது. பேத்தி தர்ஷினியின் வழக்கு இன்னும் முடியவில்லை. நான்கு முறை தள்ளிப்போட்டுவிட்டார்கள்.

உனக்குத் தெரிந்ததுதான், இந்தக் கடிதத்தைப் பின்னால் படிக்கிறவர்களுக்காகச் சொல்கிறேன். நகராண்மைக் கழகத்தில் கிராணி, அதாவது குமாஸ்தா வேலைக்கு எழுதிய பரீட்சையில் அவள் மூன்றாவதாக வந்தாள். நேர்முகத் தேர்வு முடிந்ததும் பட்டியலில் அவள் பெயர் இல்லை. அவளுக்குப் பின்னால் வந்தவர்களின் பெயர் இருந்தது. பெரிய இடத்துக் கடிதம் வைத்திருந்தவர்களுக்கே வேலை கொடுத்தார்கள் என்றுதான் வழக்குப் போட்டாள்.

போன வாரம் பிரிக்பீல்ட்ஸில் வக்கீலம்மாவின் அலுவலகத்துக்கு என்னையும் கூட்டிப் போனாள். எதிர்த்தரப்பு கொடுத்த காகிதக் கட்டிலிருந்து ஒரு தாளை எடுத்து வைத்தார் வக்கீலம்மா. “தர்ஷினி, உங்க அப்ளிகேஷன் ஃபைல்லயும் ஒரு சப்போர்ட் லெட்டர் இருக்கே?”

நம்முடைய கடிதம், அக்கா. அவளுக்குத் தெரியாமல் நீயும் நானும் கட்சிக் கிளைத் தலைவரிடம் வாங்கி, நாமே நகராண்மைக் கழகக் கவுண்டரில் கொண்டுபோய்க் கொடுத்தோமே, அதேதான். “பொண்ணு மலாய் நல்லா பேசுமா ஆன்டி?” என்று அவர் கேட்டதற்கு, “டிவியில நியூஸ் வாசிக்கிறவங்களே இதுகிட்ட டியூஷன் வரணும்லா!” என்றாயே. பஸ் நிறுத்தத்தில் நின்று எவ்வளவு சிரித்தோம். அன்று அது தப்பாகவே தெரியவில்லை. யார்தான் வாங்கவில்லை? அதுவும் உதவவில்லை. நம்முடையதைவிடப் பெரிய கடிதங்கள் வந்திருக்கும்.

“நான் வாங்கல மேடம். யாரோ சொருகியிருக்காங்க. அப்படியே எழுதுங்க, நான் சத்தியம் பண்றேன்,” என்றாள் தர்ஷினி.

தண்ணீர் கேட்டு வாங்கிக் குடித்தேன். வெட்கமா, பயமா? யாரிடமும் சொல்வதில்லை என்று நமக்குள் பேசி வைத்திருந்தோம். ஆனால் நான் பேசாமல் இருந்தால் பிள்ளை நீதிமன்றத்தில் பொய்ச் சத்தியம் செய்துவிடுவாளே. கிள்ளானுக்குத் திரும்பும் ரயிலில் சொல்லிவிட்டேன்.

அவள் கத்தவில்லை. “ஏன் பாட்டி, நான் என் மார்க்கிலேயே வரமாட்டேன்னு நெனச்சியா?” என்று மட்டும் கேட்டாள்.

“உன் மேல நம்பிக்கை இல்லாம இல்லடி. அவங்க மேலதான் இல்ல.”

ஷா ஆலம் ஸ்டேஷன் தாண்டியும் அவள் என் பக்கம் திரும்பவில்லை. நான் சொன்னது பதில்தானா, அக்கா?

மறுநாள் வக்கீலம்மாவுக்கு அவளே போன் போட்டுச் சொன்னாள். கடிதத்தால் வழக்கு தோற்கவும் கூடும், மறைத்தால் நிச்சயம் தோற்கும் என்றாராம். வாங்கியது நான்தான், அவளுக்குத் தெரியாது என்று நான் சத்தியப் பிரமாணம் எழுதித் தர வேண்டும்.

இன்று காலை கையெழுத்துப் போடப் போனோம். மலாயில் எழுதியிருந்ததை வக்கீலம்மா தமிழில் சொல்லிக் காட்டினார். கூட வந்தவர் என்று உன் பெயரும் இருக்கிறது, கோபித்துக்கொள்ளாதே. ஒரு வரிதான் எனக்கு ஒட்டவில்லை: ‘ஐந்தாம் வகுப்பு வரை மட்டுமே படித்த முதியவர், அறியாமையால் செய்துவிட்டார்.’

“அத எடுத்துடுங்கம்மா,” என்றேன்.

“உங்க நல்லதுக்குத்தான் பாட்டி போட்டிருக்கேன்.”

“அஞ்சாப்பு படிச்சது நிஜம். தெரியாம செஞ்சேன்னு சொன்னா பொய். லெட்டர் இல்லாம கூப்பிட மாட்டாங்கன்னு எங்க தாமான்ல குடியிருக்கிற எல்லாருக்கும் தெரியும். அது தெரிஞ்சுதான் போனேன். அப்படியே எழுதுங்க.”

வக்கீலம்மா பேனாவைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

“அடிச்சிட்டு எழுதுங்க மேடம். எங்க பாட்டி விடமாட்டாங்க,” என்றாள் தர்ஷினி. ஒரு வாரமாக என்னோடு முகம் கொடுத்துப் பேசாதவள்.

மறுபடி அச்சடித்துக் கொடுக்க ஒரு மணி நேரமாயிற்று. முழுப் பெயரையும் தமிழில் எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

தீர்ப்பு எப்படி வருமோ. ஜெயித்தாலும் வேலை கையில் வராதாம். மறுபடி நேர்முகத் தேர்வு வைப்பார்களாம். கேட்கவே அலுப்பாக இருக்கிறது. ஆனாலும் உனக்கு ஒரு வாக்குக் கொடுக்கிறேன், அக்கா. அவள் அடுத்த தேர்வுக்குப் போகும்போது நான் யார் வாசலிலும் போய் நிற்க மாட்டேன். வீட்டிலேயே உட்கார்ந்து பயந்துகொண்டிருப்பேன்.

உன்கூடப் பிறக்காத தங்கை,
மாரியாயி