சின்னவன் சொல்ல வேண்டிய வார்த்தை

கடப்பாக்கம்,
28-11-1975

கனம் தேவவரம் ஐயர் அவர்களுக்கு,

கடப்பாக்கம் குருக்கள் மடத்தில் சமையலும் கோயில் வேலையும் பார்க்கும் சகோதரன் ஏசுதாஸ் வணக்கத்தோடு எழுதுவது. நாம் ஒருவரையொருவர் பார்த்ததில்லை. உங்கள் அண்ணன் ஞானாயுதம் சாமியோடு பதினேழு வருஷமாக ஒரே பந்தியில் சாப்பிடுகிறவன் நான். உங்கள் விலாசம் அவருடைய பழைய டயரியில் கிடைத்தது. அவரைக் கேட்காமல்தான் எழுதுகிறேன்.

சாமிக்கு உடம்பு மிகவும் மோசம். மழையில் நனைந்து காய்ச்சல் வந்து, நெஞ்சில் சளி கட்டிவிட்டது. செங்கல்பட்டு ஆஸ்பத்திரியில் ஒன்பது நாள் வைத்திருந்தோம். டாக்டர் கோதண்டராமன் என்னைத் தனியே கூப்பிட்டு, இருதயம் களைத்துவிட்டது, மடத்துக்கே கூட்டிப்போய் வைத்துக்கொள்ளுங்கள் என்றார். கூட்டி வந்து ஒரு வாரம் ஆகிறது. கஞ்சி இரண்டு கரண்டிக்கு மேல் இறங்கவில்லை.

உண்மையைச் சொல்கிறேன், வந்த புதிதில் எனக்கு அவரைப் பிடிக்காது. உங்கள் புராட்டஸ்டண்ட் சபையில் ஐயராக, போதகராக இருந்தவர், பை தூக்கவும் குடை பிடிக்கவும் ஆள் இருந்திருக்கும், இந்த உப்புக்காற்றில் எத்தனை நாள் தாங்குவார் என்று நினைத்தேன். முதல் நாள் சாப்பாடு முடிந்ததும் எல்லார் தட்டையும் அள்ளிக்கொண்டு கிணற்றடிக்குப் போய்விட்டார். அன்றிலிருந்து அந்த வேலையை எனக்கு விட்டுக்கொடுத்ததே இல்லை. சாம்பல் போட்டுத் தேய்க்கும்போது உங்கள் சபைப் பாட்டைத்தான் முணுமுணுப்பார். விடியுமுன் கோயிலில் மண்டியிட்டால் பூசைக்கு முதல் மணி அடிக்கும்வரை அசைய மாட்டார். அவ்வளவு நேரம் கடவுளிடம் என்னதான் கேட்பீர்கள் என்று ஒருமுறை கேட்டேன். கேட்டதெல்லாம் கிடைத்துவிட்டது ஏசுதாஸ், ஒன்று மட்டும் பாக்கி என்றார். எது என்று சொல்லவில்லை.

இந்த மாதம் இரண்டாம் தேதி, கல்லறைத் திருநாளில்தான் தொல்லை ஆரம்பித்தது. இறந்தவர்களுக்காகச் செபிப்பது உங்கள் வழக்கத்தில் இல்லை என்று எனக்குத் தெரியும். எங்கள் சனங்கள் கல்லறைத் தோட்டத்தில் மெழுகுவத்தியோடு தூறலில் நின்றார்கள். சாமி ஆண்டவர் கற்பித்த செபத்தைச் சொன்னார். தீமையிலிருந்து எங்களை இரட்சியும் என்பதோடு நாங்கள் ஆமென் சொல்லிவிடுவோம். அவர் ஆமென் சொல்லவில்லை. ராஜ்யமும் என்றார், நிறுத்தினார். மழை வலுத்துவிட்டது, அவர் வாயே திறக்காமல் கல்லறைக் கேட்டையே பார்த்துக்கொண்டு நின்றார். நான்தான் கையைப் பிடித்து இழுத்து வந்தேன்.

சில வருஷம் முன் மாற்றிய புதுப் பூசையில் அதைப் போல ஒரு வரி எங்களுக்கும் வந்துவிட்டது. ஆனால் சாமி சொன்னது உங்கள் சபைச் சொல் என்று உபதேசியார் சூசைநாதன் கண்டுபிடித்துவிட்டார். இன்னா பிரதர், சாமி பழைய கட்சிக்கே பூட்டாரா என்று என் முகத்துக்கு நேரே கேட்டார். காய்ச்சலில் மனிதன் உளறுவான் என்று அவர் வாயை அடைத்தேன். ஊர் வாயை அடைக்க முடியவில்லை. அவரைப் பார்க்க வருகிறவர்கள்கூட வாசலோடு போய்விடுகிறார்கள்.

ஆனால் அது உளறல் இல்லை. தினமும் மாலைச் செபத்துக்கு மடத்தில் இருக்கும் நாங்கள் நால்வரும் அவர் கட்டிலைச் சுற்றி நிற்போம். ஒவ்வொரு நாளும் ராஜ்யமும் என்பார், நிற்பார், கதவைப் பார்ப்பார். பொறுக்க முடியாமல் ஒருநாள் நானே வல்லமையும் என்று எடுத்துக் கொடுத்தேன். தலையை ஆட்டி, அது உன்னோடது இல்லை, சின்னவனோடது என்றார். அப்புறம் மூச்சு வாங்க வாங்கச் சொன்னார். உங்கள் அப்பா அந்த வரியை வீட்டில் பங்கு போட்டுக் கொடுத்திருந்தாராமே. ராஜ்யமும் பெரியவனுக்கு, வல்லமையும் உங்களுக்கு, மகிமையும் அம்மாவுக்கு, என்றென்றைக்கும் உம்முடையவைகளே என்ற மிச்சம் அப்பாவுக்கு. உங்களுக்கு நாக்கு திருந்தாத வயதில் வல்லமை என்பதை வல்லம் என்பீர்கள், அப்பா சிரிக்காமல் காத்திருப்பார் என்று சொல்லிச் சிரித்தார். போய்ச் சேர்ந்த அம்மாவும் அப்பாவும் தயாராக நிற்கிறார்களாம். சின்னவன் வந்தால் முடித்துவிடலாமாம்.

நாற்பத்தெட்டில் அவர் எங்கள் கத்தோலிக்கத் திருச்சபைக்கு வந்தது உங்கள் வீட்டை எப்படி உடைத்தது என்று எனக்குத் தெரியாது. ஐம்பத்தாறில் அப்பாவை அடக்கம் செய்தபோது, ஜெபமாலை உருட்டுகிற கை இங்கே மண் போட வேண்டாம் என்று நீங்கள் கல்லறைக் கேட்டில் அவரைத் தடுத்தது தெரியும். அதற்காக உங்கள் மேல் எனக்குக் கோபம் உண்டு, மறைக்க மாட்டேன். அவர் உங்களைக் குறைசொல்லி ஒரு வார்த்தை பேசியதில்லை. பேசியிருந்தால் எனக்கு இவ்வளவு வேதனை இருக்காது.

அண்ணன் மனம் மாறி உங்கள் பக்கம் வந்துவிட்டார் என்றும் எண்ணிவிடாதீர்கள். சாகக் கிடப்பவர்களுக்கு நாங்கள் எண்ணெய் பூசும் அவஸ்தைப் பூசுதல் பெற்றுக்கொண்டார். ஜெபமாலை கையைவிட்டு இறங்கவில்லை. அவர் கேட்பது சபையை அல்ல, தம்பியை.

எழுதுவதா வேண்டாமா என்று நான் தவித்துக்கொண்டிருந்தபோது, சாமிக்குப் பால் கொண்டுவந்த மளிகைக்கடை அப்துல் கையூம் பாய்தான் அதட்டினார். தம்பி உசுரோட கீறாரா இல்லியா, கீறார்னா பேசாம கடுதாசி போடு பிரதர் என்றார். அதனால்தான் இந்தக் கடிதம்.

செங்கல்பட்டில் ரயிலை விட்டு இறங்கி, மதுராந்தகம், செய்யூர் வழியாகப் பஸ்ஸில் வரலாம். நீங்கள் எங்கள் கோயிலுக்குள் கால் வைக்க வேண்டியதில்லை. சாமியின் அறைக்குக் கிணற்றடிப் பக்கம் தனிக் கதவு இருக்கிறது, திறந்தே வைக்கிறேன். வாதம் வேண்டாம், மன்னிப்புக்கூடக் கேட்க வேண்டாம். அந்த ஒரு வார்த்தையைச் சொல்லுங்கள், போதும். வல்லம் என்று சொன்னாலும் சரி.

நீங்கள் வருவதற்குள் காரியம் முடிந்துவிட்டால், கல்லறைக்கு வந்து சொல்லுங்கள். எங்கள் கேட்டில் உங்களை யாரும் தடுக்க மாட்டார்கள்.

இதைத் தபாலில் சேர்க்குமுன் மாலைச் செபம் முடிந்தது. இன்று ராஜ்யமும் என்பது உதட்டசைவாகத்தான் வந்தது. நாங்கள் நால்வரும் வாய் திறக்கவில்லை. உங்களுக்காக இடம் விட்டு நிற்கிறோம்.

உங்கள் சொல்லிலேயே முடிக்கிறேன். கர்த்தர் உங்களோடு கூடவே பிரயாணம் செய்வாராக.

உங்கள் அண்ணனின் தட்டை இப்போது கழுவிக்கொண்டிருக்கும்,
ஏசுதாஸ்