ஸ்பெக்ட்ரத்தில் எழுதிய தமிழ்

விவேக் நகர்,
3 பிப்ரவரி 2025

ஆதிக்கு,

நலம் விசாரிக்கும் நிலையில் நான் இல்லை. போன் செய்தால் சிரித்துப் பேசியே மழுப்பிவிடுவாய். அதனால்தான் எழுதுகிறேன்.

நேற்று அந்தக் காலத்து வீட்டுக் கம்ப்யூட்டர்களின் கண்காட்சிக்குப் போனேன். மேஜைமேல் நாம் வைத்திருந்த மாதிரியே ஒரு ஸ்பெக்ட்ரம் கம்ப்யூட்டர். அதே ரப்பர் பட்டன்கள், பக்கத்தில் கேசட் பிளேயர், பழைய டிவி. டிவியில் நம் தமிழ் எழுத்துகள்! எவ்வளவு சந்தோஷப்பட்டேன் தெரியுமா? பிறகுதான் அட்டையைப் படித்தேன். 'வீட்டுக் கணினியில் தமிழ், 1987. உருவாக்கியவர்: ஆதிகேசவன்.'

நீ மட்டுமா? மெஷின் என் மாமா குவைத்திலிருந்து கொண்டுவந்தது. பீன்யா ஃபாக்டரியில் நம் ஷிஃப்ட் முடிந்து வந்து, கட்டம் போட்ட நோட்டில் ஒவ்வொரு எழுத்தையும் புள்ளி புள்ளியாக வரைந்தது யார்? வரிசைக்கு ஒரு எண் என்று கணக்குப் போட்டு ஏற்றியது யார்? பட்டனைத் தட்டினால் எழுத்து வரும் பகுதியை நீ எழுதினாய். மறுக்கவில்லை. எழுத்துகள் என்னுடையவை.

பதில் போடு.

பெட்டி

அத்திபெலே,
9 பிப்ரவரி 2025

அன்புள்ள பெட்டிக்கு,

கோபப்படாதே. நிரலைப் பதிந்து வைத்திருந்த பழைய கேசட்டைக் கொடுத்தேன், அவ்வளவுதான். 'நானும் ஒரு ஃப்ரெண்டும் பண்ணது' என்றுதான் சொன்னேன். அட்டை எழுதியவர்கள் சுருக்கிவிட்டார்கள். முப்பத்தெட்டு வருஷத்துக்கு முந்தின விளையாட்டு அது. ஒரே தெருவில் வளர்ந்தவர்கள் இந்த வயதில் அதற்காகச் சண்டை போடலாமா? ஞாயிற்றுக்கிழமை சாப்பிட வா. மங்களம் வத்தக்குழம்பு வைக்கிறாளாம்.

ஆதி

விவேக் நகர்,
14 பிப்ரவரி 2025

ஆதிக்கு,

கண்காட்சி நடத்தும் தீபிகாவைப் போய்க் கேட்டேன். "ஃப்ரெண்டுன்னு யாரையும் சொல்லலையே மேடம். கம்பெனி லெட்டர்கூடக் காட்டினாரு" என்று நகலை எடுத்து நீட்டினாள். 1988. 'சொந்த முயற்சியில் தமிழ் எழுத்து நிரல் உருவாக்கியதால் கம்ப்யூட்டர் பிரிவுக்கு மாற்றப்படுகிறார்.'

உனக்கு மாற்றல் வந்தபோது தெரு முழுக்க லட்டு கொடுத்தவள் நான். அதே பிரிவுக்கு நானும் மனு போட்டேன். அனுபவம் இல்லை என்று திருப்பிவிட்டார்கள். அந்த மனுவை எழுதும்போது பக்கத்தில் உட்கார்ந்து பிழை திருத்தினாயே, ஆதி! என் வேலையும் உன் பெயரில் போனது அப்போதே உனக்குத் தெரியும். முப்பத்தைந்து வருஷம் அசெம்பிளி லைனில் நின்றே ரிட்டயர் ஆனேன்.

இதுவா விளையாட்டு?

பெட்டி

அத்திபெலே,
23 பிப்ரவரி 2025

பெட்டிக்கு,

மூன்று முறை எழுதிக் கிழித்துவிட்டேன். "இது நீயே பண்ணதா?" என்று மானேஜர் கேட்டார். கம்ப்யூட்டர் பிரிவில் அப்போது இருந்தது ஒரே இடம். ஆமாம் என்றுவிட்டேன். மறுநாள் உண்மையைச் சொல்லிவிடலாம் என்று நினைத்தேன். பிறகு ஒவ்வொரு நாளும் அப்படியே நினைத்தேன். கட்டின மனைவி மங்களத்துக்குக்கூடத் தெரியாது.

கேசட்டைத் திருப்பி வாங்கி, அட்டையையும் எடுக்கச் சொல்லிவிடுகிறேன். இதோடு விட்டுவிடலாம். மன்னிப்பாயா?

ஆதி

விவேக் நகர்,
3 மார்ச் 2025

ஆதிக்கு,

எடுத்துவிடுவாயா? உன் வெட்கம் போவதற்காக என் எழுத்தும் போகவேண்டுமா?

சனிக்கிழமை நானே போனேன். "ஆதாரம் ஏதாவது இருக்கா மேடம்?" என்றாள் தீபிகா. நோட்டு எப்போதோ கரையானுக்குப் போய்விட்டது. மெஷின் முன்னால் உட்கார்ந்து ஒரு தாள் கேட்டேன். 'ழ' ஒரு கட்டத்தில் அடங்காது, இரண்டைச் சேர்க்கவேண்டும். கட்டத்துக்கு எட்டு வரிசை, மொத்தம் பதினாறு எண்கள். வரைந்து, கூட்டி, ஒவ்வொன்றாகத் தட்டினேன். டிவியில் ழ வந்து நின்றதும் பின்னால் யாரோ "நோடி, நோடி!" என்று கன்னடத்தில் எல்லோரையும் பார்க்கச் சொல்லிக் கத்தினார்கள். தீபிகா கேசட்டில் இருந்ததோடு ஒப்பிட்டாள். ஒரே ஒரு புள்ளிதான் வித்தியாசம்.

"அவர் பேரை எடுத்துடலாமா மேடம்?"

"வேணாம்மா. அவன் செஞ்சது அவன் செஞ்சதுதான்."

புது அட்டையில் இரண்டு பெயரும் இருக்கின்றன. எழுத்துகள் என் பெயரில், பட்டன் பகுதி உன் பெயரில். நீ எனக்குச் செய்ததை நான் உனக்குச் செய்யமாட்டேன்.

மன்னிப்புக் கேட்டாய். என்னால் முடியாது, ஆதி. இனி எழுதாதே. மங்களத்திடம் நீயே சொல். ஏப்ரல் வரை கண்காட்சி இருக்கிறது, கூட்டிப்போய்க் காட்டு. சனிக்கிழமைகளில் மட்டும் வராதே. நாம் போடாமல் விட்ட எழுத்துகள் நிறைய இருக்கின்றன. அன்று அந்த மெஷின் எனக்கு.

பெட்டி